திரையை அணைப்பது யார்?

குழந்தை எந்நேரமும் தொலைக்காட்சியின் முன்னால் அமர்ந்திருக்கிறது. கைப்பேசியைத் திரும்பக் கேட்டால் அழுது ஆர்ப்பாட்டம் செய்கிறது. அதைக் கையில் கொடுத்தால்தான் ஒரு கவளம் சோறு உள்ளே இறங்குகிறது. இத்தகைய முறையீடு எழாத வீடு இன்று அரிது. காரணம் தேடும் பெரியவர்கள் பெரும்பாலும் திரையில் ஓடும் காட்சிகளின் மீதே குற்றம் சுமத்துகின்றனர். சண்டைக் காட்சிகள், நாகரிகமற்ற பேச்சு, ஆசையைத் தூண்டும் விளம்பரங்கள் என்று ஒரு பட்டியலும் தருகின்றனர். அந்தப் பட்டியலில் உண்மை இருக்கிறது. ஆயினும் அதற்கும் அடியில் இன்னும் எளிய கேள்வி ஒன்று உள்ளது. அந்தத் திரை எப்போது அணைகிறது? அதை அணைக்கும் பொறுப்பு யாருடையது?

நம் நாட்டில் இக்கேள்விக்கான விடை, அறுபது ஆண்டுகளுக்குச் சற்று மேற்பட்ட காலத்தில் முற்றிலும் மாறிவிட்டது. குழந்தைகளின் இன்றைய பழக்கத்தைப் புரிந்துகொள்ள விரும்புவோர் முதலில் அந்த மாற்றத்தை அறிய வேண்டும்.

தானே அணைந்த திரை

1959 ஆம் ஆண்டு செப்டம்பர் 15 அன்று தில்லியில் தொலைக்காட்சி சோதனை முறையில் தொடங்கப்பட்டது. வாரத்தில் இரண்டு நாள்கள் மட்டும், அதுவும் சிறிது நேரமே, ஒளிபரப்பு நடைபெற்றது. 1961-ல் தில்லிப் பள்ளிகளுக்கான பாட ஒளிபரப்பு தொடங்கியது. ஆகவே நம் நாட்டுக் குழந்தைகளுக்குத் தொலைக்காட்சி ஓர் ஆசிரியராகவே முதலில் அறிமுகமாயிற்று.

அந்த ஆசிரியர் கிராமங்களுக்குச் சென்ற வரலாறு நினைவில் வைக்கத் தக்கது. 1975 ஆகஸ்ட் முதல் நாள் தொடங்கி 1976 ஜூலை இறுதிவரை, செயற்கைக்கோள் வழியாகக் கல்வி ஒளிபரப்பும் மாபெரும் சோதனை ஒன்று நடைபெற்றது. அமெரிக்காவின் ஏ.டி.எஸ்-6 செயற்கைக்கோள் ஓராண்டுக்கு நம் நாட்டின் பயன்பாட்டுக்குக் கிடைத்தது. ஆந்திரம், பீகார், கர்நாடகம், மத்தியப் பிரதேசம், ஒரிசா, இராஜஸ்தான் ஆகிய ஆறு மாநிலங்களில் ஏறத்தாழ 2,400 கிராமங்களில் தொலைக்காட்சிப் பெட்டிகள் நிறுவப்பட்டன. கோழிவலைக் கம்பியால் செய்யப்பட்ட, மூன்று மீட்டர் அகலமுள்ள வட்ட ஏந்திகள் வானிலிருந்து வரும் அலைகளைப் பிடித்துத் தந்தன. காலையில் பள்ளிக் குழந்தைகளுக்கான நிகழ்ச்சிகள், மாலையில் வேளாண்மை, உடல்நலம் முதலியவை பற்றிப் பெரியவர்களுக்கான நிகழ்ச்சிகள் என இரு வேளை ஒளிபரப்பு நிகழ்ந்தது. ஊருக்கு ஒரு பெட்டி. அதைச் சூழ்ந்து ஊரே அமர்ந்தது. ஒவ்வொரு மொழிக் குழந்தைக்கும் காலையில் கிடைத்தது அரைமணிக்கும் குறைவான நேரமே. அது முடிந்ததும் பெட்டி மூடப்பட்டது, பாடம் தொடர்ந்தது.

பின்னர் 1982-ல் ஆசிய விளையாட்டுப் போட்டிகளையொட்டி வண்ண ஒளிபரப்பு வந்தது. 1987 ஜனவரி முதல் 1988 ஜூலை வரை ஞாயிறு காலைகளில் தூர்தர்ஷனில் இராமாயணத் தொடர் ஒளிபரப்பான வேளையில் நகரத் தெருக்கள் வெறிச்சோடின. பெட்டி இல்லாதவர்கள் பெட்டி உள்ள வீட்டுக் கூடத்தில் வந்து அமர்ந்தனர். தொடர் முடிந்ததும் எழுந்து தத்தம் வேலைக்குத் திரும்பினர். அன்று குழந்தைகள் ஒழுங்காக இருந்ததற்கு அவர்களுடைய மனவுறுதி காரணமன்று. ஞாயிறு வீட்டுப்பாடத்தைத் திங்கள் காலையில் அவசரமாக எழுதிய குழந்தைகள் அன்றும் இருந்தனர். ஆனால் நிகழ்ச்சி முடிந்தது. அடுத்ததற்கு ஒரு வாரம் காத்திருக்க வேண்டியிருந்தது. இரவில் ஒளிபரப்பே நின்றது. திரையை அணைக்கும் வேலையை ஒளிபரப்பு நிலையம் செய்தது. எந்தத் தாயும் அதற்காகக் குழந்தையோடு போராட நேரவில்லை.

முடிவற்ற திரை

1991-க்குப் பின் செயற்கைக்கோள் அலைவரிசைகளும் கேபிள் இணைப்பும் வீடுகளில் நுழைந்தன. 1995-ல் கார்ட்டூன் நெட்வொர்க் இந்தியாவுக்கு வந்தது. தொடக்க ஆண்டுகளில் அந்த அலைவரிசையின் பகற்பொழுது கார்ட்டூன்களுக்கும், இரவுப்பொழுது பழைய ஆங்கிலத் திரைப்படங்களுக்கும் உரியதாக இருந்தது. குழந்தைக்குரிய காட்சி மாலையோடு முடிந்தது. 2001-ல் அந்த எல்லையும் நீங்கி அது இருபத்து நான்கு மணி நேர அலைவரிசையாயிற்று. 2004-ல் போகோ, ஹங்காமா ஆகியவையும், தமிழில் 2007-ல் சுட்டி டிவியும் தோன்றின. குழந்தை விழித்திருக்கும் எந்த நேரத்திலும் குழந்தைக்கான நிகழ்ச்சி ஓடிக்கொண்டிருக்கும் நிலை உருவானது.

அப்போதும் ஓர் எல்லை மிச்சமிருந்தது. வீட்டில் இருந்தது ஒரே பெட்டி. தாத்தாவுக்குச் செய்தி வேண்டும். பாட்டிக்கு நெடுந்தொடர் வேண்டும். தந்தைக்குக் கிரிக்கெட் வேண்டும். ரிமோட்டுக்காக நடந்த சண்டை வீட்டின் அமைதியைக் கெடுத்தது என்று பலரும் குறைபட்டனர். உண்மையில் அந்தச் சண்டையே குழந்தையின் திரைப்பொழுதுக்கு ஒரு வேலியாக இருந்ததைப் பின்னால்தான் உணர முடிந்தது.

கைப்பேசி அந்த வேலியையும் அகற்றிற்று. 2016-க்குப் பின் இணையக் கட்டணம் மிகவும் குறைந்தது. வீட்டில் உள்ளவர் ஒவ்வொருவருக்கும் ஒரு திரை என்றாயிற்று. 2020 மார்ச் மாதம் பெருந்தொற்றுக்காக ஊரடங்கு அறிவிக்கப்பட்டபோது பள்ளிக்கூடமே கைப்பேசிக்குள் புகுந்தது. ‘கைப்பேசியைத் தொடாதே’ என்று அதுவரை கண்டித்த பெற்றோர், கடன் வாங்கியாவது குழந்தைக்கு ஒரு கைப்பேசி வாங்கித் தர வேண்டியதாயிற்று. பள்ளிகள் திறந்த பின்னும் கைப்பேசி பள்ளிக்குத் திரும்பவில்லை. வீட்டிலேயே, குழந்தையின் கையிலேயே தங்கிவிட்டது.

கைப்பேசித் திரைக்கு முன்னைய திரைகளுக்கு இல்லாத ஓர் இயல்பு உண்டு. ஒரு காணொளி முடிந்த கணமே அடுத்தது தானாகத் தொடங்குகிறது. மேலே தள்ளத் தள்ள அடுத்தடுத்த துண்டுப் படங்கள் வந்துகொண்டே இருக்கின்றன. இவை தற்செயலாக அமைந்தவை அல்ல. பார்ப்பவர் எழுந்து போகாதிருக்க வேண்டும் என்பதற்காகவே தேர்ந்த பொறியாளர்கள் இவ்வாறு அமைத்தனர். 2021-ல் யூடியூப் நிறுவனம், குழந்தைகளுக்கான தன் செயலியில் தானாக ஓடும் வசதி தொடக்கத்திலேயே நிறுத்தி வைக்கப்படும் என்று அறிவித்தது. அந்த வசதி குழந்தைகளை எங்கே கொண்டு நிறுத்துகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சியம் தேவையில்லை. ஆனால் நம் வீடுகளில் பெரும்பாலான குழந்தைகள் பார்ப்பது தந்தையின் அல்லது தாயின் கைப்பேசியை. அது பெரியவர்களுக்காக அமைக்கப்பட்டது. அதில் ஓட்டம் நிற்பதில்லை.

ஆக, திரையை அணைக்கும் பொறுப்பு ஒளிபரப்பு நிலையத்திடமிருந்து குடும்பத்துக்கும், குடும்பத்திடமிருந்து குழந்தையின் விரல் நுனிக்கும் வந்து சேர்ந்துள்ளது.

ஆமையின் ஓடு

ஆமை தன் உறுப்புகளை ஓட்டுக்குள் இழுத்துக்கொள்வதைப் புலனடக்கத்துக்கு உவமையாகக் கீதையும் கூறுகிறது, திருக்குறளும் கூறுகிறது. ஆமைக்குப் புலன்கள் இல்லாமல் இல்லை. வேண்டிய வேளையில் அவற்றை உள்ளே இழுக்க வல்லமை இருக்கிறது என்பதே உவமையின் உட்பொருள். பெரியவர்களுக்கே பயிற்சியால் கைகூடும் இவ்வாற்றல் ஐந்து வயதுக் குழந்தைக்கு இருக்குமா?

இராது என்பதை உடலியலும் உறுதி செய்கிறது. ஆசையைத் தள்ளிவைத்தல், விளைவை எண்ணிப் பார்த்தல், தொடங்கியதை நிறுத்துதல் ஆகியவற்றுக்கு ஆதாரமான நெற்றிப்புற மூளைப் பகுதி மிக மெதுவாக வளர்வது. அதன் வளர்ச்சி இருபது வயதைக் கடந்தும் தொடர்கிறது. குழந்தை என்பது ஓடு இன்னும் இறுகாத ஆமைக்குஞ்சு. அது வளரும் வரை வீடே அதற்கு ஓடாக இருக்க வேண்டியுள்ளது. ‘உனக்குக் கொஞ்சமும் கட்டுப்பாடு இல்லை’ என்று குழந்தையைக் கடிந்துகொள்ளும் பெற்றோர், அதனிடம் இன்னும் முளைக்காத ஒன்றைக் கேட்கின்றனர். அந்தக் கண்டிப்பால் குழந்தையின் மனத்தில் குற்ற உணர்வு வளரலாம். கட்டுப்பாடு வளர்வதில்லை.

திரை எடுத்துக்கொள்ளும் பொழுது

திரையின் தீமை எங்கே இருக்கிறது? காட்சிகளைப் பார்த்துக் குழந்தைகள் அவற்றைப் பின்பற்றுவது உண்மை. பெரியவர் ஒருவர் பொம்மையை அடிப்பதைக் கண்ட குழந்தைகள் தாமும் அவ்வாறே அடித்ததை ஆல்பர்ட் பண்டுரா 1961-ல் செய்த சோதனை காட்டியது. திரைப்படத்தில் கண்டாலும் அவ்வாறே செய்தனர் என்பது 1963-ல் வெளியான அவருடைய அடுத்த ஆய்வு. நம் நாட்டில் 1997 முதல் 2005 வரை ஒளிபரப்பான சக்திமான் தொடரின் காலத்தில், அதைப் பின்பற்ற முயன்று குழந்தைகள் காயமுற்றதாகச் செய்திகள் வெளிவந்தன. அத்தொடரின் நாயகரே திரையில் தோன்றிக் குழந்தைகளை எச்சரித்தார். இவை யாவரும் அறிந்தவை. பெற்றோர் இவற்றைக் கவனிக்கவும் செய்கின்றனர். கவனத்துக்குத் தப்புவது வேறொன்று: திரை ஓடும் வேளையில் வீட்டில் நடக்காமல் போகும் செயல்கள்.

2009-ல் அமெரிக்காவில் வெளியான ஓர் ஆய்வு இதனை எண்ணிக் காட்டியது. இரண்டு மாதம் முதல் நான்கு வயது வரையுள்ள 329 குழந்தைகளின் ஆடையில் சிறு ஒலிப்பதிவுக் கருவியைப் பொருத்தி, வீட்டில் அவர்கள் காதில் விழும் சொற்களைக் கணக்கிட்டனர். தொலைக்காட்சியின் ஒலி கேட்கும் ஒவ்வொரு மணி நேரத்துக்கும், பெரியவர்களிடமிருந்து குழந்தை கேட்கும் சொற்களில் ஏறத்தாழ 770 குறைந்தது. குழந்தை திரையைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும் என்பதுகூட இல்லை. கூடத்தில் பாட்டிக்காக நெடுந்தொடர் ஓடினாலும் போதும். தாயும் பாட்டியும் பேசுவது குறைகிறது. குழந்தை மழலை பேசுவதும் குறைகிறது.

அந்தச் சொற்களைத் தொலைக்காட்சியே கொடுத்துவிடாதா என்று கேட்கலாம். கைக்குழந்தைகளைப் பொறுத்தவரை கொடுப்பதில்லை. சியாட்டில் நகரில் பாட்ரிசியா கூல் என்னும் அறிஞரும் அவருடைய குழுவினரும் 2003-ல் வெளியிட்ட சோதனை புகழ்பெற்றது. ஒன்பது மாத அமெரிக்கக் குழந்தைகள் சிலருக்கு, சீன மொழி பேசுவோர் நேரில் அமர்ந்து பன்னிரண்டு முறை கதை சொல்லி விளையாட்டுக் காட்டினர். அந்தக் குழந்தைகள் சீன மொழிக்கே உரிய ஒலிகளை வேறுபடுத்தி அறியத் தொடங்கினர். அதே மனிதர்கள், அதே கதைகள், அதே அளவு நேரம் திரையில் காட்டப்பட்ட குழந்தைகளோ எதையும் கற்கவில்லை. சொல்லைக் குழந்தை காதால் மட்டும் கற்பதில்லை. தன்னைப் பார்க்கும் கண், தன் அசைவுக்குப் பதிலளிக்கும் முகம் ஆகியவற்றின் வழியாகக் கற்கிறது. திரையில் உள்ள முகம் குழந்தை சிரித்தாலும் அழுதாலும் தன் பாட்டுக்குப் பேசிக்கொண்டிருக்கிறது.

ஓர் ஊர் முழுவதும் இத்தகைய மாற்றத்தை அடைந்த நிகழ்வும் பதிவாகியுள்ளது. கனடாவில் மலைகளுக்கு இடையே அமைந்திருந்ததால் 1973 வரை ஒளிபரப்பு எட்டாத சிற்றூர் ஒன்று இருந்தது. ஆய்வாளர்கள் அதன் உண்மைப் பெயரை மறைத்து ‘நோடெல்’ என்று அழைத்தனர். தொலைக்காட்சி வருவதற்கு முன்னும், வந்து இரண்டு ஆண்டுகளுக்குப் பின்னும் அவ்வூர் மக்களை ஆராய்ந்து, முன்பே தொலைக்காட்சி பெற்றிருந்த வேறு இரு ஊர்களோடு ஒப்பிட்டனர். முதலில் அவ்வூர்க் குழந்தைகள் புதிதாகச் சிந்திக்கும் திறனில் மற்ற ஊர்க் குழந்தைகளைவிடச் சிறந்து விளங்கினர். இரண்டே ஆண்டுகளில் அந்தச் சிறப்பு மறைந்தது. விளையாட்டுத் திடலில் அடிதடியும் வசைச்சொல்லும் பெருகின. ஊர்க் கூட்டங்களிலும் விழாக்களிலும் பங்கு கொள்வோர் குறைந்தனர். குழந்தைகளைப் பற்றிய ஆய்வில் பெரியவர்களும் மாறியது கண்டறியப்பட்டது என்பது எண்ணிப் பார்க்க வேண்டிய செய்தி.

மன ஒருமைப்பாட்டின் மீது திரை செய்யும் விளைவைப் பற்றி மிகையான பேச்சும் உலவுகிறது. தொலைக்காட்சி பார்த்தால் குழந்தைக்குக் கவனக்குறைவு நோய் வந்துவிடும் என்று சிலர் அச்சுறுத்துகின்றனர். ஒரு வயதிலும் மூன்று வயதிலும் அதிகம் தொலைக்காட்சி பார்த்த குழந்தைகளிடம் ஏழு வயதில் கவனச் சிதறல் மிகுந்திருப்பதாக 2004-ல் ஓர் ஆய்வு கூறியது உண்மை. ஆனால் அதே புள்ளிவிவரங்களை 2010-ல் மறு ஆய்வு செய்தோர், குடும்பச் சூழலைக் கணக்கில் கொண்டால் அத்தொடர்பு பெரும்பாலும் மறைந்துவிடுகிறது என்றனர். எனவே அச்சுறுத்தல் வேண்டாம். உறுதியாகச் சொல்லக்கூடியது சிறியது; ஆயினும் அன்றாட வாழ்வுக்குப் பயன்படுவது. 2011-ல் வெளியான ஒரு சோதனையில் நான்கு வயதுக் குழந்தைகள் அறுபது பேரை மூன்று பிரிவாக்கினர். ஒரு பிரிவு ஒன்பது நிமிடம் வேகமாகக் காட்சி மாறும் கார்ட்டூனைப் பார்த்தது. மற்றொன்று நிதானமான நிகழ்ச்சியைப் பார்த்தது. மூன்றாவது வண்ணக் குச்சிகளால் படம் வரைந்தது. உடனே அவர்களுக்குப் பொறுமையும் கவனமும் தேவைப்படும் சிறு வேலைகள் தரப்பட்டன. வேகக் கார்ட்டூன் பார்த்த குழந்தைகள் மற்ற இரு பிரிவினரைவிட வெகுவாகப் பின்தங்கினர். இந்த விளைவு எவ்வளவு நேரம் நீடிக்கும் என்பதை அச்சோதனை கூறவில்லை. ஆனால் பள்ளி வேன் வரும்வரை கார்ட்டூனை ஓடவிடும் வீடுகளும், வீட்டுப்பாடத்துக்கு முன் ‘கொஞ்ச நேரம் பார்க்கட்டும்’ என்று விடும் வீடுகளும் இதை நினைவில் கொள்வது நல்லது.

உணவு, உறக்கம் ஆகியவற்றைப் பற்றி நீள விளக்க வேண்டியதில்லை. திரையைப் பார்த்தபடி உண்ணும் குழந்தை பசி தீர்ந்ததை அறிவதில்லை. சில குழந்தைகள் அளவுக்கு மீறி உண்கின்றன, சில மெல்லாமல் விழுங்குகின்றன. இரவில் கண்ணருகே ஒளிரும் திரை உறக்கத்தைத் தூண்டும் மெலடோனின் சுரப்பைத் தாமதப்படுத்துகிறது. பகல் வெளிச்சத்தில் விளையாடும் குழந்தைகளுக்குக் கிட்டப்பார்வை வரும் வாய்ப்பு குறைவு என்பதும் தெளிவாகியுள்ளது. அறைக்குள் திரையோடு கழியும் மாலை அந்த வெளிச்சத்தை இழக்கச் செய்கிறது.

உலக சுகாதார நிறுவனம் 2019-லும், இந்தியக் குழந்தை மருத்துவர் கழகம் 2022-லும் வெளியிட்ட நெறிமுறைகள் ஏறத்தாழ ஒன்றுபோலவே அமைந்தன. இரண்டு வயது வரை திரை வேண்டாம். இரண்டு முதல் ஐந்து வயது வரை நாளுக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் வேண்டாம். ஐந்து முதல் பத்து வயது வரை இரண்டு மணி நேரத்துக்குள் நிறுத்த வேண்டும் என்றும் இந்திய மருத்துவர்கள் கூறினர். வெளியூரில் உள்ள தாத்தா பாட்டியோடு எப்போதாவது காணொளியில் பேசுவதற்கு விலக்கு உண்டு. அங்கே திரையில் உள்ள முகம் குழந்தைக்குப் பதில் சொல்கிறது அல்லவா!

ஏழு மணிச் சங்கு

மகாராஷ்டிர மாநிலத்தில் சாங்லி மாவட்டத்தில் மோஹித்யாஞ்சே வட்காவ் என்னும் கிராமம் இருக்கிறது. ஏறத்தாழ மூவாயிரம் மக்கள். பெரும்பாலோர் உழவர்களும் சர்க்கரை ஆலைத் தொழிலாளர்களும் ஆவர். பெருந்தொற்றுக் காலத்துக்குப் பின் பள்ளி திறந்தபோது, குழந்தைகள் பாடத்தில் மனம் செலுத்தாததை ஆசிரியர்கள் கண்டனர். வீட்டுக்கு வந்ததும் கைப்பேசி, அதை விட்டால் தொலைக்காட்சி என்று மாலை கழிந்தது. பெற்றோரும் அவரவர் திரையில் மூழ்கியிருந்தனர். வீட்டில் பேச்சு அருகிப்போயிற்று.

இதைப் பற்றி ஊராட்சி முதலில் கலந்து பேசியது பெண்களோடு. தாங்களும் நெடுந்தொடர்களில் நெடுநேரம் கழிப்பதை அப்பெண்கள் மறைக்கவில்லை. குழந்தைகளுக்கு மட்டும் தடை விதிப்பதைவிட, ஊர் முழுவதும் ஒரே நேரத்தில் அணைத்தால் என்ன என்ற எண்ணம் உருவானது. 2022 ஆகஸ்ட் மாதம் சுதந்திர தினத்தையொட்டி முடிவு எடுக்கப்பட்டது. ஊர்க் கோயிலின் மேல் ஒரு சங்கு பொருத்தப்பட்டது. மாலை ஏழு மணிக்கு அது ஒலித்ததும் எல்லா வீடுகளிலும் தொலைக்காட்சியும் கைப்பேசியும் அணைக்கப்பட வேண்டும். எட்டரை மணிக்கு மீண்டும் சங்கு ஒலிக்கும்.

முதல் நாள்களில் இது எளிதாக நடந்துவிடவில்லை. ஆண்கள் சிலர் நகைத்தனர். சங்கு ஒலித்த பின்னும் திரைகள் ஒளிர்ந்தன. ஊராட்சிப் பணியாளர்களும் ஊர் மக்களும் குழுவாகத் தெருத்தெருவாகச் சென்று, அணைக்கும்படி வீடு வீடாகக் கேட்டுக்கொண்டனர். நாளடைவில் சொல்லாமலே அணைக்கும் வழக்கம் ஏற்பட்டது. அந்த ஒன்றரை மணி நேரத்தில் குழந்தைகள் படித்தனர், எழுதினர். பெரியவர்கள் திண்ணைகளில் அமர்ந்து பேசினர்.

அதே ஆண்டு நவம்பரில் அதே மாநிலத்தின் யவத்மால் மாவட்டத்தைச் சேர்ந்த பான்சி என்னும் கிராமம், பதினெட்டு வயதுக்குக் குறைந்தவர்கள் கைப்பேசி பயன்படுத்தக் கூடாது என்று தீர்மானம் நிறைவேற்றியது. இரு ஊர்களின் நோக்கமும் ஒன்றே, வழிகள் வேறு. பான்சியின் தீர்மானம் குழந்தைகளை நோக்கியது. வட்காவின் சங்கு எல்லாரையும் நோக்கியது. சிறுவன் அணைத்த அதே நிமிடத்தில் அவனுடைய தந்தையும் அணைக்கிறார். ‘எனக்கு மட்டும் ஏன்?’ என்று குழந்தை கேட்பதற்கு அங்கே இடமில்லை. அடுத்த வீட்டுச் சிறுவன் பார்க்கிறானே என்ற ஏக்கத்துக்கும் இடமில்லை. அவனும் தெருவில்தான் நிற்கிறான், விளையாட ஆள் தேடிக்கொண்டு. வட்காவின் வழியே மேலானது என்று சொல்லத் தயங்க வேண்டியதில்லை. ஒளிபரப்பு நிலையம் முன்பு செய்த வேலையை அந்த ஊர் தானே எடுத்துக்கொண்டது.

வீட்டில் செய்யத்தக்கது

எல்லா ஊரிலும் கோயிலின் மேல் சங்கு பொருத்த இயலாது. அடுக்குமாடிக் குடியிருப்பில் வாழும் சிறு குடும்பம் தன் அளவில் ஒரு முடிவு நேரத்தை உண்டாக்கிக்கொள்ளலாம். அதற்கும் அனுபவத்தில் தேர்ந்த முறைகள் உள்ளன.

அமெரிக்காவில் சான் ஹோசே நகரின் தொடக்கப் பள்ளிகளில் மூன்றாம், நான்காம் வகுப்புக் குழந்தைகளிடையே நடந்த முயற்சியைத் தாமஸ் ராபின்சன் என்னும் மருத்துவர் 1999-ல் பதிவு செய்தார். முதலில் குழந்தைகள் பத்து நாள்கள் தொலைக்காட்சியை முற்றிலும் விட்டிருக்க அழைக்கப்பட்டனர். இது ஒரு விரதத்தைப் போன்றது. பின்னர் வாரத்துக்கு ஏழு மணி நேரம் என்று ஒரு வரம்பு வகுக்கப்பட்டது. அந்த ஏழு மணி நேரத்தை எந்த நிகழ்ச்சிக்குச் செலவிடுவது என்பதைக் குழந்தையே தீர்மானிக்கலாம். வகுப்பில் இதைப் பற்றிப் பாடங்களும் நடத்தப்பட்டன. உடற்பயிற்சி எதுவும் புகுத்தப்படவில்லை. ஆயினும் ஆறு மாத முடிவில் அக்குழந்தைகளின் உடற்பருமன் கூடும் வேகம் மற்றொரு பள்ளிக் குழந்தைகளைவிடக் குறைந்திருந்தது. திரை முன் உண்பதும் குறைந்தது. அவர்களிடம் முரட்டுத்தனமும் குறைந்ததை 2001-ல் வெளியான தொடர் ஆய்வு காட்டியது. கைச்செலவுக்குப் பணம் தருவதைப் போல நேரத்தையும் எண்ணிக் கொடுத்தால், எட்டு வயதுக் குழந்தைக்கும் தேர்ந்தெடுக்கும் பழக்கம் வருகிறது.

சிறு குழந்தைகளுக்கு இம்முறை பொருந்தாது. அவர்களைப் பொறுத்தவரை எவ்வாறு நிறுத்துவது என்பதே சிக்கல். 2016-ல் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தினர் ஒன்று முதல் ஐந்து வயது வரையுள்ள குழந்தைகளின் குடும்பங்களில் இதை ஆராய்ந்தபோது எதிர்பாராத ஒன்றைக் கண்டனர். ‘இன்னும் இரண்டு நிமிடம்தான்’ என்று முன்கூட்டி எச்சரித்த வேளைகளில் குழந்தைகள் அதிகம் அழுதனர். நிகழ்ச்சி இயல்பாக முடிந்த இடத்தில் நிறுத்தியபோதும், ‘குளித்த பின் ஒரு கதை, பிறகு உறக்கம்’ என்பது போல அன்றாட வழக்கத்தின் ஒரு பகுதியாகத் திரை நேரம் அமைந்தபோதும் அழுகை குறைந்தது. பாதியில் பிடுங்கப்படும் திரைக்காகவே குழந்தை போராடுகிறது. ஆகவே நிமிடக் கணக்கைவிட நிகழ்ச்சிக் கணக்கே சிறு குழந்தைக்கு ஏற்றது. ஒரு கதை, அது முடிந்தால் திரையும் முடிந்தது. தானாக ஓடும் வசதியை நிறுத்தி வைப்பதும், முன்பே தரவிறக்கிய ஒரே நிகழ்ச்சியை இணைய இணைப்பின்றிக் காட்டுவதும் இதற்கு உதவும். இரவில் வீட்டிலுள்ள எல்லாக் கைப்பேசிகளும் படுக்கையறைக்கு வெளியே, ஒரே இடத்தில் மின்னேற்றத்துக்கு வைக்கப்படட்டும், பெரியவர்களுடையதும் கூட.

அதே ஆய்வு மற்றொன்றையும் கூறிற்று. பெற்றோர் குழந்தையின் கையில் திரையைக் கொடுப்பது பெரும்பாலும் தங்களுக்கு ஏதேனும் வேலை இருக்கும்போதுதான். இதில் குறை காண ஏதுமில்லை. கூட்டுக் குடும்பத்தில் தாய் சமைக்கும்போது குழந்தையை இடுப்பில் தூக்கிக்கொண்டு நிலவு காட்ட ஓர் அத்தையோ பாட்டியோ இருந்தனர். அலுவலகத்திலிருந்து திரும்பி ஏழு மணிக்கு அடுப்பு பற்றவைக்கும் தாய்க்கு இன்று அந்த உதவி இல்லை. அவருக்கு அறிவுரை வழங்குவதைவிட, அந்த வேளையில் தந்தை தன் கைப்பேசியை வைத்துவிட்டுக் குழந்தையோடு அமர்வது மிகுந்த பயன் தரும். அதுவும் இயலாத நாளில் குழந்தையையே சமையலறைக்குள் அழைத்துக்கொள்ளலாம். மூன்று வயதுக் குழந்தை கீரை ஆயும். நான்கு வயதுக் குழந்தை பூண்டு உரிக்கும். பச்சைப் பட்டாணி உரிப்பதில் ஐந்து வயதுக் குழந்தைக்கு ஈடு கிடையாது. வேலை இருமடங்கு நேரம் பிடிக்கும். பட்டாணியில் பாதி தரையில் உருளும். உருண்டவற்றைப் பொறுக்கி, ஒன்று இரண்டு என்று எண்ணிக் கிண்ணத்தில் போட்டு முடிப்பதற்குள் சோறு வெந்திருக்கும்.